கடல் கடக்கும் அரிசி

அரிசி உண்பவனுக்குச் சோறு, விளைவிப்பவனுக்கு வாழ்வு, வாணிகனுக்குச் சரக்கு. ஒரு நாட்டிலே விளைந்த நெல், அரிசியாகி, மூட்டையாகி, கப்பலேறி இன்னொரு நாட்டின் உலைக்குப் போய்ச் சேர்கிறது. இந்தப் பயணத்தால் அங்குள்ளவர் வயிறு நிறைகிறதா, இங்குள்ளவர் வயிறு காய்கிறதா என்பது நெடுநாளாக இருந்து வரும் கேள்வி. “நம் நாட்டிலேயே பசித்தவர் இருக்கும்போது வெளிநாட்டுக்கு அரிசி ஏன் அனுப்ப வேண்டும்?” என்று நம் சங்கத்து நண்பர்கள் பலர் கேட்கக் கேட்டிருக்கிறேன். “தடையில்லாத வாணிகம் இருந்தால் பஞ்சமே வராது” என்று பொருளாதாரம் பயிலும் நண்பர்கள் மறுமொழி கூறுவார்கள். இரண்டும் முழு உண்மை அல்ல என்பதே என் கருத்து. நான் பயில்வது வேதியியல், பொருளாதாரம் அன்று. ஆயினும் எண்களையும் நிகழ்ச்சிகளையும் வரிசைப்படுத்திப் பார்த்தால் உண்மை ஓரளவு புலப்படும் என்ற நம்பிக்கையில் இதை எழுதுகிறேன்.

பத்தில் ஒரு மூட்டை

முதலில் ஓர் அளவை மனத்தில் கொள்வோம். உலகில் இக்காலத்தில் ஓராண்டில் விளையும் அரிசி 50 கோடி டன்னுக்கு மேல். அதிலே நாட்டெல்லை கடந்து விற்கப்படுவது ஏறத்தாழ 5 கோடி டன். அதாவது பத்தில் ஒரு பங்கு. கோதுமையில் ஏறத்தாழ நான்கில் ஒரு பங்கு எல்லை கடக்கிறது. அரிசி பெரும்பாலும் விளைந்த நாட்டிலேயே உண்ணப்படுகிறது. ஆகவே அரிசியின் உலகச் சந்தை என்பது, விளைச்சலை நோக்க, மிகச் சிறியது.

சிறிய சந்தையின் குணம் யாது? உலக விளைச்சலை 100 மூட்டை என்று வைத்துக்கொள்வோம். 90 மூட்டை அவரவர் வீட்டில் தங்கிவிடுகிறது. 10 மூட்டை சந்தைக்கு வருகிறது. அந்தப் பத்திலே 4 மூட்டை ஒரே வீட்டிலிருந்து வருவதாகக் கொள்வோம். அந்த வீட்டார், “இவ்வாண்டு மழை ஐயமாக இருக்கிறது, எங்கள் மூட்டையை விற்க மாட்டோம்” என்று கதவைச் சாத்தினால் என்ன ஆகும்? உலகில் அரிசி ஒரு மணியும் குறையவில்லை. ஆனால் சந்தையை நம்பி வாழ்பவர்களுக்கு நூற்றுக்கு நாற்பது குறைந்துவிட்டது. மிஞ்சிய 6 மூட்டைக்குப் பத்து மூட்டைக்காரர்கள் போட்டியிடுவார்கள். விலை ஏறும். விலை ஏறுவதைக் கண்டு, மூட்டை வைத்திருக்கும் மற்றவர்களும் “இன்னும் ஏறட்டும்” என்று கதவைச் சாத்துவார்கள். வாங்குபவர்களோ, “நாளைக்குக் கிடைக்காமற் போனால்?” என்று அஞ்சி, இன்றைய தேவைக்கு மேல் வாங்கிச் சேர்ப்பார்கள். அச்சமே பற்றாக்குறையை உண்டாக்கும்.

இந்த நான்கு மூட்டை வீடு கற்பனை அன்று. அது நம் இந்தியா. 2022-23ஆம் ஆண்டில் நம் நாடு ஏறத்தாழ 2 கோடியே 20 இலட்சம் டன் அரிசியை 140-க்கு மேற்பட்ட நாடுகளுக்கு அனுப்பியது. உலக அரிசி வாணிகத்தில் இது ஏறத்தாழ நூற்றுக்கு நாற்பது.

பரிசோதனைக் கூடத்தில் நமக்குப் பழக்கமான ஒன்றை இங்கே ஒப்பிடலாம். ஒரு லிட்டர் தூய நீரில், ஒரு மோலார் ஹைட்ரோகுளோரிக் அமிலத்தை ஒரு மில்லி லிட்டர் மட்டும் விடுங்கள். பி.எச். மதிப்பு 7-இலிருந்து 3-க்கு வீழ்ந்துவிடும். அதே அமிலத்தைச் செறிவான தாங்கல் கரைசலில் விடுங்கள். மானியின் முள் அசைவதுகூடத் தெரியாது. அமிலம் அதேதான், தாங்கும் பொருள் உள்ளே இருக்கிறதா என்பதே வேறுபாடு. உணவு வாணிகத்தில் அந்தத் தாங்கும் பொருள் களஞ்சிய இருப்பு. இருப்பு குறைந்த காலத்தில் ஒரு சிறு தடையும் விலையைக் கவிழ்த்துவிடும். இருப்பு நிறைந்த காலத்தில் பெரிய தடையும் ஓரளவு தாங்கப்படும். இதை நினைவில் கொண்டு சில நிகழ்ச்சிகளைப் பார்ப்போம்.

பர்மா கற்பித்தது

இரண்டாம் உலகப் போருக்கு முன் உலகிலேயே மிகுதியாக அரிசி ஏற்றுமதி செய்த நாடு பர்மா. 1852-இல் ஆங்கிலேயர் கீழ்ப் பர்மாவைப் பிடித்தபோது ஐராவதி முகத்துவாரத்தில் பெரும்பகுதி காடும் சதுப்புமாகக் கிடந்தது. 1869-இல் சூயஸ் கால்வாய் திறந்தது. அரிசிக்குக் கடல் கடந்த விலை கிடைத்தது. காடு வெட்டப்பட்டுக் கழனியாயிற்று. 1930-களில் கீழ்ப் பர்மாவின் நெல் நிலம் 80 இலட்சம் ஏக்கரைத் தாண்டியது. ஆண்டுதோறும் ஏறத்தாழ 30 இலட்சம் டன் அரிசி கப்பலேறியது. அதில் ஏறத்தாழ பாதி வந்து சேர்ந்த இடம் இந்தியா.

இந்தக் கழனிகளில் நம்மவர் கையும் உண்டு. பர்மிய உழவனுக்குக் கடன் கொடுத்தவர்களில் முதன்மையானவர்கள் செட்டிநாட்டு நகரத்தார். அறுவடைக்கும் ஆலைக்கும் சென்ற கூலிகளில் தெலுங்கரும் தமிழரும் பெருந்தொகையினர். உலகச் சந்தையை நம்பி எழுந்த அந்த வாழ்வு உலகச் சந்தையாலேயே சரிந்தது. 1930-இல் பெருமந்தம் வந்து நெல் விலை வீழ்ந்தது. கடனைத் திருப்ப வழியில்லாத உழவர் நிலத்தை இழந்தனர். கீழ்ப் பர்மாவின் முக்கிய நெல் மாவட்டங்களில் 1930-இல் நூற்றுக்கு 6 பங்கு நிலம் நகரத்தார் கையில் இருந்தது. 1938-இல் அது 25 பங்காயிற்று. நகரத்தார் கேட்டுப் பெற்ற நிலமன்று. கொடுத்த பணத்துக்கு ஈடாக வந்து விழுந்த நிலம். ஆனால் நிலத்தை இழந்த பர்மியனுக்கு அந்த வேறுபாடு ஆறுதல் ஆகுமா? அந்தக் கசப்பின் விளைவைப் பின்னாளில் பர்மாத் தமிழர் அனுபவித்தனர்.

1942 மார்ச்சில் இரங்கூன் ஜப்பானியர் கையில் வீழ்ந்தது. அரிசிக் கப்பல் நின்றது. தன் அரிசித் தேவையில் பெரும் பங்குக்கு வெளியூரை நம்பியிருந்த திருவிதாங்கூர் தவித்தது. மரவள்ளிக் கிழங்கு அங்கே ஏழைகளின் உயிரைக் காத்தது. இலங்கையில் பங்கீடு வந்தது. வங்காளத்தில் வந்ததோ பஞ்சம். 1943-இல் அங்கே பசியாலும் பசி கொணர்ந்த நோயாலும் மாண்டவர் ஏறத்தாழ 30 இலட்சம் என்று பிற்கால ஆய்வாளர் பலர் மதிப்பிடுகின்றனர்.

பர்மா அரிசி நின்றதால்தான் வங்காளம் பட்டினி கிடந்தது என்று பலர் எளிதாகக் கூறிவிடுகின்றனர். அமர்த்தியா சென் 1981-இல் வெளியிட்ட நூலில் இந்த எண்ணத்தை ஆராய்ந்தார். 1943-இல் வங்காளத்தில் இருந்த உணவு, அதற்கு முந்திய ஐந்தாண்டுச் சராசரியைவிட நூற்றுக்கு 5 அளவே குறைவு. பஞ்சமில்லாத 1941-ஐவிடச் சற்று மிகுதியுங்கூட என்பது அவர் கணக்கு. அப்படியானால் மக்கள் மாண்டது ஏன்? கல்கத்தாவில் 1942 டிசம்பரில் மணங்கு 13, 14 ரூபாய்க்கு விற்ற அரிசி, 1943 மே மாதத்தில் 30 ரூபாயைத் தாண்டியது. நாட்டுப்புறக் கூலியாளின் கூலியோ அப்படி ஏறவில்லை. போர்ச் செலவால் கல்கத்தாவில் பணம் பெருகியது. அந்தப் பணம் நாட்டுப்புற அரிசியை இழுத்தது. இதனுடன் 1942-இல் மாகாண அரசுகள் ஒவ்வொன்றும் “எங்கள் தானியம் எங்கள் எல்லைக்குள்” என்று தடை போட்டன. கரையோரப் படகுகளை அரசே அகற்றியதால் உள்நாட்டுப் போக்குவரத்தும் முடங்கியது.

உணவு இருப்பது ஒன்று. உணவு ஒருவனுக்குக் கிடைப்பது வேறொன்று. கடல் வாணிகம் நின்றது முதல் அதிர்ச்சி. அந்த அதிர்ச்சியை அச்சமும், பதுக்கலும், மாகாணத் தடைகளும், அரசின் அலட்சியமும் பஞ்சமாக்கின.

நொய்யை நம்பிய நாடு

மேற்கு ஆப்பிரிக்காவில் செனகல் என்று ஒரு நாடு இருக்கிறது. அந்நாட்டாரின் தலையாய உணவு மீனும் அரிசியும் சேர்ந்த ஒரு சோறு. அதற்கு அவர்கள் விரும்பும் அரிசி, நம் வீடுகளில் கஞ்சிக்கு ஒதுக்கும் நொய். முழு அரிசியைவிட நொய்யையே சுவை என்று கருதுகிறார்கள். இந்தச் சுவை எங்கிருந்து வந்தது?

பிரெஞ்சு ஆட்சிக் காலத்தில் செனகல் உழவர்கள் நிலக்கடலை பயிரிடத் தூண்டப்பட்டனர். பிரான்சின் எண்ணெய் ஆலைகளுக்கும் சோப்பு ஆலைகளுக்கும் கடலை வேண்டியிருந்தது. கடலை விளைந்த நிலத்தில் கம்பும் சோளமும் குறைந்தன. குறைந்த உணவுக்கு ஈடாக, அதே பிரெஞ்சு ஆட்சியிலிருந்த இந்தோசீனாவிலிருந்து மலிவான நொய் கப்பலில் வந்தது. ஓரிரு தலைமுறைக்குள் நொய்ச் சோறு அந்நாட்டு நகரங்களின் அன்றாட உணவாயிற்று. ஆட்சி போயிற்று, பழக்கம் நின்றது. சைகோன் நொய் வந்த துறைமுகத்தில் பிற்காலத்தில் இந்திய நொய் வந்திறங்கியது.

2022 செப்டம்பரில் இந்தியா நொய் ஏற்றுமதியைத் தடை செய்தது. கோழித் தீவனத்துக்கும், பெட்ரோலில் கலக்கும் எத்தனாலுக்கும் உள்நாட்டிலேயே நொய் வேண்டும் என்பது அரசு கூறிய காரணங்களில் ஒன்று. அதற்கு முந்திய ஆண்டில் நம் நொய்யை மிகுதியாக வாங்கியது சீனா. அதுவும் பெரும்பாலும் தீவனத்துக்கே. ஆகத் தடைக்கு நியாயமே இல்லை என்று சொல்லிவிட முடியாது. ஆயினும் நமக்குத் தீவனமாகவும் எரிசாராயமாகவும் தோன்றிய பொருள், தாக்கார் நகரத்துத் தாய்க்குப் பிள்ளையின் மதியச் சோறு. பின்னர் 2023-இல் செனகல், காம்பியா முதலிய நாடுகளுக்குச் சிறப்பு அனுமதி தரப்பட்டது. முழுத் தடை நீங்கியது 2025 மார்ச்சில்.

மலிவின் விலை

தடை மட்டுந்தான் தீங்கு என்று எண்ணிவிடக் கூடாது. தடையில்லாமல் வந்து குவியும் மலிவான அரிசியும் ஒரு நாட்டைக் கெடுக்கும். இதற்குக் கரிபியன் கடலிலுள்ள ஹெய்ட்டி சான்று. 1980-களின் தொடக்கத்தில் அந்நாடு தனக்கு வேண்டிய அரிசியில் பெரும்பகுதியைத் தானே விளைத்துக்கொண்டது. பின்னர், கடன் கொடுத்தவர்களின் சொற்படி, இறக்குமதி வரியைக் குறைத்துக்கொண்டே வந்து, 1995-இல் நூற்றுக்கு 3 ஆக்கியது. அரசு உதவித்தொகையுடன் அமெரிக்காவில் விளைந்த அரிசி வந்திறங்கியது. விலை மலிந்தது, நகரத்தார் மகிழ்ந்தனர். உள்நாட்டு உழவன் அந்த விலைக்கு விளைவிக்க இயலாமல் கழனியை விட்டு நகரத்துச் சேரிக்குப் போனான்.

மலிவு நிலைக்கவில்லை. 2008-இல் உலக அரிசி விலை ஏறியபோது அந்நாட்டுக்குத் திரும்பிப் பார்க்கத் தன் கழனி இல்லை. ஏப்ரல் மாதத்தில் பசித்த மக்கள் தெருவில் இறங்கினர். பிரதமர் பதவி இழந்தார். அந்தக் கொள்கையை முன்னின்று வற்புறுத்தியவர்களில் ஒருவரான முன்னாள் அமெரிக்கக் குடியரசுத் தலைவர் பில் கிளின்டன், 2010-இல் தம் நாட்டுச் செனட் குழுவின் முன் அதற்காக வருந்தினார். வருத்தத்தால் கழனி திரும்புமோ?

விளைச்சல் குறையாத பஞ்சம்

அந்த 2008-ஆம் ஆண்டு விலையேற்றம் அறிவியல் மாணவர் ஒவ்வொருவரும் கவனிக்கத்தக்கது. அது தூய்மையான ஒரு சோதனை போன்றது. ஏனெனில் அவ்வாண்டு உலகில் அரிசி விளைச்சல் குறையவில்லை. முன்னெப்போதும் இல்லாத அளவுக்கு விளைந்திருந்தது.

நடந்தது இது. கோதுமை விலை உலகெங்கும் ஏறிக்கொண்டிருந்தது. இந்தியா 2006-07-இல் கோதுமை இறக்குமதி செய்ய வேண்டிய நிலையில் இருந்தது. கோதுமை குறைந்தால் அரிசியாவது கையில் இருக்கட்டும் என்று 2007 அக்டோபரில் பாசுமதி அல்லாத அரிசியின் ஏற்றுமதியை நம் அரசு கட்டுப்படுத்தியது. 2008 ஏப்ரலில் முழுத் தடை வந்தது. வியத்நாமும் கட்டுப்படுத்தியது. பெரும் இறக்குமதி நாடான பிலிப்பைன்ஸ் அஞ்சி, கிடைத்த விலைக்கு வாங்க முன்வந்தது. 2007 இறுதியில் டன் 350 டாலருக்குக் குறைவாக விற்ற தாய்லாந்து அரிசி, 2008 ஏப்ரல், மே மாதங்களில் 1000 டாலரை எட்டியது. அரையாண்டில் ஏறத்தாழ மூன்று மடங்கு.

தணிந்த விதம் இன்னும் வியப்பானது. உலக வாணிக நிறுவனத்தின் உடன்படிக்கைப்படி ஜப்பான் ஆண்டுதோறும் ஓரளவு அரிசியை இறக்குமதி செய்ய வேண்டும். தம் மக்கள் அதை விரும்பி உண்ணாமையால் ஏறத்தாழ 15 இலட்சம் டன் அயல்நாட்டு அரிசி ஜப்பானியக் கிடங்குகளில் கிடந்தது. அதைப் பிற நாடுகளுக்கு விற்க அமெரிக்கா தடை சொல்லாது என்ற செய்தி 2008 மே மாதத்தில் வெளிவந்தது. கிடங்கின் கதவு பெரிதாகத் திறக்கப்படவேயில்லை. செய்தி ஒன்றே போதுமானதாக இருந்தது. “அரிசி இருக்கிறது” என்று தெரிந்தவுடன் பதுக்கியவர் விற்கத் தொடங்கினர். விலை சில வாரங்களில் இறங்கியது.

விலையை ஏற்றியது அச்சம். இறக்கியது இருப்பு பற்றிய நம்பிக்கை. நடுவில் அகப்பட்டுக்கொண்டவர்கள், வருவாயில் பாதிக்கு மேல் உணவுக்கே செலவிடும் ஏழைகள்.

நாமும் வாங்கி உண்ட காலம்

இன்று நாம் விற்பவர். முன்பு நாம் வாங்கியவர் என்பதை மறக்கலாகாது. 1954-இல் அமெரிக்கா இயற்றிய ‘பொதுச் சட்டம் 480’ என்பதன்கீழ் 1956 முதல் நமக்குக் கோதுமை வந்தது. டாலர் இன்றி ரூபாயிலேயே விலை கொடுக்கலாம் என்பது நமக்குப் பெரிய வசதி. அந்தக் கோதுமை பலரைக் காத்தது. உள்நாட்டு விலையைத் தாழ்த்தி, உழவரின் ஊக்கத்தையும் குறைத்தது என்று கூறுவாரும் உளர். 1964-65-இல் 8 கோடியே 90 இலட்சம் டன்னாக இருந்த நம் உணவுத் தானிய விளைச்சல், மழை பொய்த்ததால் அடுத்த ஆண்டு 7 கோடியே 20 இலட்சம் டன்னாக வீழ்ந்தது. 1966-இல் நாம் இறக்குமதி செய்த தானியம் ஒரு கோடி டன்னுக்கு மேல். கப்பல் வந்தால்தான் உலை என்ற நிலை. அப்போது குடியரசுத் தலைவர் ஜான்சன், வியத்நாம் போரை இந்தியா குறை கூறியதால் சினங்கொண்டும், நம் வேளாண் கொள்கையை மாற்ற விரும்பியும், கோதுமையைச் சிறிது சிறிதாகவே அனுப்பினார். உணவுக்குக் கையேந்துபவன் வாயைத் திறக்கவும் யோசிக்க வேண்டும் என்பதை நாடு உணர்ந்தது.

அதே 1966-இல் இன்னொரு சரக்கும் கடல் கடந்து வந்தது. மெக்சிகோவிலிருந்து 18,000 டன் கோதுமை விதை. பிலிப்பைன்சில் உள்ள பன்னாட்டு நெல் ஆராய்ச்சி நிலையம் ஐ.ஆர்.8 என்ற நெல்லை வெளியிட்டதும் அவ்வாண்டே. சி.சுப்பிரமணியம் அமைச்சராகவும், எம்.எஸ்.சுவாமிநாதன் அறிவியலாளராகவும் அந்த விதைகளுக்கு வழி திறந்தனர். ஒரு கோடி டன் தானியம் அவ்வாண்டுப் பசியை ஆற்றியது. 18,000 டன் விதை அடுத்த ஆண்டுகளின் விளைச்சலை மாற்றியது. கடல் வாணிகத்தில் வருவது எல்லாம் ஒரே வகை அல்ல என்பதற்கு இதைவிடச் சான்று வேண்டா. ஆனால் அந்த விளைச்சலுக்கு நாம் கொடுத்த விலையும் உண்டு. ஒரு கிலோ அரிசிக்குப் பல ஆயிரம் லிட்டர் நீர் செலவாகிறது. பஞ்சாபில் நிலத்தடி நீர் ஆண்டுதோறும் தாழ்கிறது. அரிசி மூட்டையோடு நாம் நீரையும் கப்பலேற்றுகிறோம் என்று நீரியலார் எச்சரிப்பது வெறும் அணி அன்று.

2023: மூன்று வயிறுகள்

இனி அண்மைக் காலத்துக்கு வருவோம். 2023-இல் எல் நினோ என்னும் கடல் வெப்ப மாற்றம் தோன்றியது. பருவமழை குறையும் என்ற அச்சம். அரிசிச் சில்லறை விலை ஓராண்டில் நூற்றுக்கு 11.5 ஏறியிருப்பதாக அரசு அறிவித்தது. 2023 ஜூலை 20-ஆம் நாள் பாசுமதி அல்லாத வெள்ளையரிசி ஏற்றுமதிக்குத் தடை விதிக்கப்பட்டது. நம் அரிசி ஏற்றுமதியில் அவ்வகை கால் பங்கு. ஆகஸ்டில் புழுங்கலரிசிக்கு நூற்றுக்கு 20 ஏற்றுமதி வரி வந்தது. அம்மாதத்தில் உலக அரிசி விலை பதினைந்து ஆண்டுகளில் காணாத உயரத்தைத் தொட்டது. அமெரிக்காவில் இந்தியக் கடைகளின் முன் நம்மவர் நீண்ட வரிசையில் நின்று அரிசி மூட்டையை அள்ளிச் சென்றதைச் செய்தித்தாள்களில் கண்டோம். அவர்களுக்கு அது ஒரு வாரத்துக் கவலை.

இத்தடையை மூன்று வயிறுகளின் பக்கமிருந்து பார்க்க வேண்டும்.

முதல் வயிறு நம் நாட்டு ஏழையின் வயிறு. 2013-ஆம் ஆண்டு உணவுப் பாதுகாப்புச் சட்டத்தின்கீழ் ஏறத்தாழ 80 கோடி மக்களுக்கு நியாயவிலைக் கடையில் தானியம் உண்டு. 2023 சனவரி முதல் விலையில்லாமலே. தமிழ்நாட்டில் அரிசி அட்டை வைத்திருப்போர் அனைவருக்கும் விலையில்லா அரிசி நெடுநாளாக உண்டு. ஆகவே கடைத்தெரு விலை ஏறினாலும் இவர்களின் உலை முற்றும் அணையாது. அட்டை இல்லாதவர்தாம் அல்லற்படுவர். வேற்று மாநிலத்தில் கூலிக்கு வந்தவர்கள் பலர் அந்நிலையினர் என்பதை, ஊரைவிட்டு வந்து இங்கே வாழும் நாம் அறிவோம்.

இரண்டாவது வயிறு உழவனுடையது. ஏற்றுமதி நின்றால் ஆலை கேட்கும் நெல் விலை இறங்கும். பஞ்சாபிலும் காவிரிக் கழிமுகத்திலும் அரசு கொள்முதல் நிலையம் உண்டு. குறைந்த அளவு விலையாவது கைக்கு வரும். கொள்முதல் குறைவாக நடக்கும் பீகார் போன்ற இடங்களில் அந்த விலையிறக்கத்தை உழவனே சுமக்க வேண்டும். நகரத்தார்க்கு மலிவாகக் கிடைத்த அரிசிக்கு, வரி என்ற பெயரில்லாமல், அவன் வரி கட்டுகிறான்.

மூன்றாவது வயிறு கடலுக்கு அப்பால் உள்ளது. அதற்கு நம் தேர்தலில் வாக்கு இல்லை. நம் செய்தித்தாளில் இடமும் இல்லை. அதற்கு நியாயவிலைக் கடையும் பெரும்பாலும் இல்லை.

அந்நாளில் நம் அரசின் களஞ்சியம் எப்படி இருந்தது? 2023 ஜூலைத் தொடக்கத்தில், அரைக்காத நெல்லையும் அரிசியாகக் கணக்கிட்டுச் சேர்த்தால், விதிமுறை வேண்டிய அளவைப் போல் ஏறத்தாழ மூன்று பங்கு அரிசி இருந்தது. கோதுமை இருப்புத்தான் மெலிந்திருந்தது. ஆகஸ்டு மாதம் நூறாண்டுக்கு மேற்பட்ட கணக்கில் இல்லாத அளவு வறண்டது உண்மை. ஆயினும் அவ்வாண்டு நெல் விளைச்சல், அரிசிக் கணக்கில், 13 கோடியே 70 இலட்சம் டன்னுக்கு மேலாகிப் புதிய உயரம் தொட்டது. 2024 செப்டம்பர் இறுதியில் தடை நீங்கியது. தாங்கல் கரைசல் நிறைய இருந்தும் நாம் ஒரு துளி அமிலத்துக்கு அஞ்சினோம் என்றே எனக்குத் தோன்றுகிறது. மழை வருமா வராதா என்று தெரியாத ஜூலையில் முடிவெடுக்க வேண்டியவர்களின் நிலை வேறு என்பதையும் ஒப்புக்கொள்கிறேன். ஆனால் ஒரே இரவில் கதவைச் சாத்துவதற்கும், அளவை மெல்லக் குறைத்துக்கொண்டு வருவதற்கும் வேறுபாடு இருக்கிறது. அறிவிப்புக் கொடுத்துக் குறைத்தால் வாங்குபவன் வேறு வழி தேட நாள் கிடைக்கும், அச்சமும் பரவாது.

ஒரு நற்செயலையும் குறிப்பிட வேண்டும். தடைக் காலத்திலேயே, கேட்ட நாடுகளுக்கு அரசுக்கு அரசாக இந்தியா அரிசி அளித்தது. 2023-இல் பூட்டானுக்கு 79,000 டன், சிங்கப்பூருக்கு 50,000 டன், மொரிசியசுக்கு 14,000 டன் அனுமதிக்கப்பட்டது. எனினும் தலைவாயிலை மூடிப் பக்க வாயிலைத் திறந்தால், அறிமுகம் உள்ளவன் நுழைவான். இல்லாதவன் வெளியே நிற்பான்.

செய்யத்தக்கது

பன்னாட்டுச் சட்டம் இதில் வலுவற்றது. 1995-இல் நடைமுறைக்கு வந்த வேளாண் உடன்படிக்கையின் 12-ஆம் பிரிவு, ஏற்றுமதியைத் தடுக்கும் நாடு வாங்கும் நாட்டின் உணவு நிலையை எண்ணிப் பார்க்க வேண்டும், முன்னறிவிப்புத் தர வேண்டும் என்கிறது. தடுக்கவே கூடாது என்று அது சொல்லவில்லை. 2022 ஜூனில் உலக வாணிக நிறுவன நாடுகள் ஒன்றில் மட்டும் உடன்பட்டன: உலக உணவுத் திட்டம் பட்டினிப் பகுதிகளுக்காக வாங்கும் தானியத்துக்கு ஏற்றுமதித் தடை பொருந்தாது. இஃது ஒரு சிறு படி. ஆயினும் சரியான திசையில் வைத்த படி.

ஆகவே ஏற்றுமதி தீது என்றும், ஏற்றுமதியே நன்று என்றும் பொதுப்படக் கூறுவதில் பயனில்லை. செனகலுக்கும் ஹெய்ட்டிக்கும் நேர்ந்தது நமக்குச் சொல்வது: தன் அன்றாட உணவுக்கு ஒரே சந்தையை நம்பும் நாடு, தன் கழனியைக் கைவிட்ட நாடு, பிறர் அச்சத்துக்குப் பலியாகும். பர்மாவும் 2008-ஆம் ஆண்டும் சொல்வது: கதவை எல்லாரும் ஒருங்கே சாத்தினால், விளைந்திருந்தும் பசி வரும். பெரிய விற்பனையாளனுக்கு இருப்பு மட்டும் போதாது. வாக்கு மாறாமையும் வேண்டும்.

நண்பர்களே, இனிச் செய்தித்தாளில் அரிசி, கோதுமை, சர்க்கரை, வெங்காயம் ஆகிய எதன் ஏற்றுமதிக்குத் தடை என்று படித்தாலும், கட்சி பிரித்துப் பேசுவதற்கு முன் மூன்று கேள்விகளைக் கேளுங்கள். களஞ்சியத்தில் இருப்பு எவ்வளவு? விலை இறங்கினால் இழப்பவன் யார், ஏறினால் இழப்பவன் யார்? கடலுக்கு அப்பால் வாங்குபவனுக்குப் போதிய நாள் கொடுத்தார்களா? இவற்றில் முதலாவதற்கு விடை இந்திய உணவுக் கழகம் வெளியிடும் மாதக் கணக்கில் இருக்கிறது, எவரும் பார்க்கலாம். இரண்டாவதற்கு உழவர் வீட்டிலிருந்து வந்தவர்கள் நம்மிடையே பலர் இருக்கிறார்கள், அவர்களைக் கேட்கலாம். மூன்றாவதைக் கேட்பதற்கு, நம் வாழ்நாளில் பார்த்திராத ஒரு நாட்டின் அடுப்பை நினைத்துப் பார்க்கும் பழக்கம் வேண்டும். 1966-இல் நம் அடுப்பை அப்படி நினைத்துப் பார்க்கச் சிலர் தவறினார்கள் என்பதை அறிந்த நாடு இது; அந்தப் பழக்கம் நமக்கு அரிதாக இருக்கலாகாது.